ஒன்பதாம் நம்பர் மலையின் உயரம்

என் அப்பாவை வெட்டியவன் விடுதலையாகி வந்த அன்று எங்கள் தேயிலைத் தோட்டத்து லயத்தில் பட்டாசு வெடித்தார்கள். வெடித்தது ஆறாம் காம்பரா வாசலில், அவன் வீட்டில். எங்களுடையது மூன்றாம் காம்பரா. நடுவில் இரண்டே வீடு. கிழிந்த பட்டாசுக் காகிதம் எங்கள் வாசல்வரை பறந்து வந்து விழுந்தது. அம்மா ரொட்டிக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தாள். கையை நிறுத்தவில்லை. நான்தான் எழுந்து போய் அந்தக் காகிதங்களைப் பொறுக்கி அடுப்பில் போட்டேன்.

அவன் பெயர் இராமையா. அப்பா பெயர் கணேசமூர்த்தி. இரண்டு பேரும் ஒரே கவ்வாத்துக் கூட்டத்தில் வேலை செய்தவர்கள். தேயிலைச் செடியை நாலைந்து வருஷத்துக்கு ஒரு தடவை முழங்கால் உயரத்துக்கு மொட்டையாக வெட்டிவிடுவார்கள், அதுதான் கவ்வாத்து. ஆண்கள் வேலை. வளைந்த கத்தி, ஒரு கிளைக்கு ஒரு வீச்சு. 2014 மாசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, ஒன்பதாம் நம்பர் மலைக்குக் கீழே ஓடைக்கரையில் இரண்டு பேருக்கும் வாய்ச்சண்டை. தேயிலைச் சரிவு ஒவ்வொன்றையும் நாங்கள் நம்பர் போட்டு மலை என்றுதான் சொல்வோம். ஓடையிலிருந்து போஞ்சிப் பாத்திக்குத் தண்ணீர் இழுத்த ரப்பர் குழாயை யார் பிடுங்கிப் போட்டது என்பது சண்டை. சண்டை முடிந்து, அப்பா குனிந்து குழாயைத் திரும்ப மாட்டிக்கொண்டிருந்தபோது, இராமையா தன் பாத்தியில் கிடந்த கவ்வாத்துக் கத்தியை எடுத்துக்கொண்டு பின்னால் வந்தான். ஒரு குழாய்க்காக. எனக்கு அப்போது பதினாலு வயது.

பார்த்தது ஒரே ஒரு ஆள். வீரம்மா அத்தை. அத்தை என்று நான் கூப்பிடுவதுதான், சொந்தமில்லை. லயத்தின் கடைசிக் காம்பரா. அன்று ஒன்பதாம் நம்பர் மலையின் மேல் ஓரத்தில் விறகு சேர்த்துக்கொண்டிருந்தாள். இராமையா வெட்டியதையும், கத்தியை ஓடையில் முக்கிக் கழுவியதையும், பாலம் பக்கமாக நடந்து போனதையும் மேலிருந்து பார்த்தாள். பொலிஸில் சொன்னாள். நீதவான் முன்னால் சொன்னாள். மேல் நீதிமன்றத்தில் சொன்னாள். மூன்று இடத்திலும் ஒரு வார்த்தை கூடவும் இல்லை, குறையவும் இல்லை. ஒன்பது வருஷம் கழித்து, 2023இல், இந்தச் சாட்சியை நம்ப முடியாது என்று சொல்லி இராமையாவை விட்டுவிட்டார்கள்.

மறுநாள் காலை தண்ணீர்ப் பீலியில் பேச்சு ஆரம்பித்துவிட்டது. தேயிலையைத் துளைத்துப் பார்க்கிற கண் வீரம்மாவுக்கு என்றார்கள். ஆறாம் காம்பராவின் மருமகன் தனுஷன், சவர்க்காரம் போட்டு முகம் கழுவிக்கொண்டே, எல்லாருக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னான்: "வீரம்மாக்கா, நாளைக்கு லொத்தர் சீட்டுல என்னா நம்பர் விழும்னு கொஞ்சம் பாத்துச் சொல்லுங்க."

சிரித்தார்கள். வீரம்மா அத்தை குடத்தை நிரப்பிக்கொண்டு போய்விட்டாள். நான் பீலிக்கு நேராகப் போய், உங்க மாமா கத்தியக் கழுவுன தண்ணியும் இந்த ஓடைத் தண்ணிதான், நல்லா மூஞ்சியக் கழுவுங்க என்றேன். படித்த திமிர் என்று பின்னால் யாரோ சொன்னது கேட்டது. திமிர்தான். எங்கள் லயத்தின் முதல் பட்டதாரி நான். பேராதனையில் புவியியல். அந்தத் திமிரை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்றுதான் தெரியவில்லை.

ஹட்டனுக்கு பஸ் ஏறினேன். அன்டன் சேர் சட்டத்தரணி. வழக்கு நடந்த காலம் முழுவதும் எங்கள் குடும்பத்துக்காகக் கூடவே இருந்து கவனித்தவர். செருப்புக் கடைக்கு மேல் மாடியில் அவர் அலுவலகம். நான் உட்காரவே இல்லை. அப்பீல் போடுங்கள் என்றேன்.

"நாம போட ஏலாது தங்கச்சி. கொலை வழக்கு அரசாங்கம் நடத்துறது. விடுதலைய எதிர்த்துப் போறதுன்னா சட்டமா அதிபர்தான் போகணும். பதினாலு நாள் தவணை. இன்னைக்கு ரெண்டாவது நாள்."

அவருக்கு எழுதுங்கள் என்றேன். எழுதலாம், ஆனால் என்னவென்று எழுதுவது என்று கேட்டார். பிறகு பொறுமையாக விளக்கினார். குற்றவாளி என்று காட்டும்வரை ஒருவன் நிரபராதி. நீதிமன்றமே விட்டுவிட்டால் அந்த நிரபராதித்தனம் இரண்டு மடங்காகிவிடும். ஒரே சாட்சியத்தை இப்படியும் பார்க்கலாம், அப்படியும் பார்க்கலாம் என்றிருந்தால் மேன்முறையீட்டு நீதிமன்றம் விடுதலையில் கை வைக்காது. சாட்சியின் முகத்தை நேரில் பார்த்தவர் கீழே இருந்த நீதிபதி. மேலே இருப்பவர்களுக்குக் காகிதம் மட்டும்தான். அந்தக் காகிதத்துக்குள்ளேயே, நியாயமான எந்த மனிதனும் அப்படி முடிவு செய்திருக்க மாட்டான் என்று காட்டுகிற பிழை இருக்க வேண்டும்.

"புதுசா எதையும் கொண்டுபோய்க் குடுக்க ஏலாது. இருக்கிறதுல இருந்துதான் காட்டணும். நீங்க கொண்டுவந்திருக்கிறது ஆத்திரம் தங்கச்சி. அது காகிதத்துல இல்ல."

காகிதத்தைக் கொடுங்கள் என்றேன். நானூற்றுப் பன்னிரண்டு பக்கம். எல்லாம் சிங்களத்தில் தட்டச்சு. அலுவலக எழுதுவினைஞர் டோரீன் மிஸ் கோப்பைத் தூக்கி மேசையில் வைத்துவிட்டு, இது படி இறங்கக் கூடாது, வாசிப்பதென்றால் இங்கேயே உட்கார்ந்து வாசிக்க வேண்டும் என்றார். பிறகு என்னை மேலும் கீழும் பார்த்து, சிங்களம் வாசிப்பீர்களா என்று கேட்டார். விடுதியில் நாலு வருஷம் ஒரே அறையில் மூன்று சிங்களப் பிள்ளைகளோடு இருந்தேன், சண்டை போடவே சிங்களத்தில் வரும் என்றேன். அன்றிலிருந்து தினமும் காலை பஸ்ஸில் எங்கள் அக்கரப்பத்தனையிலிருந்து ஹட்டன், பின்னேரம் திரும்ப.

முதலில் தீர்ப்பை வாசித்தேன். முப்பத்தொரு பக்கம். விடுதலைக்கு ஒரே காரணம்தான். 2018இல் நீதிபதி நேரில் வந்து ஒன்பதாம் நம்பர் மலையைப் பார்த்திருந்தார். சாட்சி நின்றதாகச் சொன்ன இடத்தில் சாட்சியையே நிறுத்தி, ஓடைக்கரையில் ஒரு பொலிஸ்காரரை நிறுத்தி, அவர் தெரிகிறாரா என்று கேட்டார். சாட்சி "தெரியவில்லை" என்றார். நடுவில் நெஞ்சு உயரத்துக்குத் தேயிலை. ஆகவே சாட்சி சொன்னது நடக்கக்கூடியதே அல்ல.

அந்த நாளுக்கு நானும் போயிருந்தேன். பதினெட்டு வயது. அரைத் தோட்டமே அங்கே நின்றது. கங்காணி, வேலைக்குப் பெயர் கூப்பிடுகிற கண்டாக்கு ஐயா, கொழுந்துக்குப் போகாமல் நின்ற பெண்கள். நீதிபதி கறுப்புச் சப்பாத்தோடு செடிகளுக்குள் நுழைந்து, இலை முகத்தில் படாமல் கையால் விலக்கிக்கொண்டு மேலே ஏறி வந்தார். வீரம்மா அத்தையைக் கூட்டிப்போய் நிறுத்தினார்கள். மொழிபெயர்ப்பாளர் கேட்டார், அந்தப் பொலிஸ்காரர் தெரிகிறாரா. அத்தை நுனிக்காலில் எழும்பிப் பார்த்தாள். இடது பக்கம் நகர்ந்து பார்த்தாள். பிறகு சொன்னாள், தெரியல.

அவ்வளவுதான். எழுதிக்கொண்டார்கள், ஜீப்பில் ஏறினார்கள், போனார்கள். அங்கே நின்ற நூறு பேரில் ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. தோட்டத்தில் பழக்கம் அப்படி. துரை மாதிரி ஒரு ஆள் வந்து நின்றால் கேட்டதற்குத்தான் பதில். கேட்காததைச் சொன்னால் அது வாய்க்கொழுப்பு. பெரட்டில் காலையில் பெயர் கூப்பிடும்போது "இருக்கேன்" என்று சொல்வதோடு நம் பேச்சு முடிந்துவிடும். அந்தப் பழக்கத்தில் நானும் நின்றேன், பல்கலைக்கழகத்துக்குப் போகப் போகிற நான்.

ஆறாம் நாள் பகல், முந்நூற்றுப் பதினோராம் பக்கத்துக்கு வந்தேன். அது இராமையா, குற்றம் சாட்டப்பட்டவன் நிற்கிற எதிரிக்கூண்டில் நின்று தானாகச் சொன்ன கூற்று. அவனுடைய கத்தியின் கைப்பிடி இடுக்கில் மனித இரத்தம் இருந்ததாக இரசாயனப் பகுப்பாய்வு சொல்லியிருந்தது; யாருடையது என்று சொல்ல முடியாத அளவுக்குக் கழுவப்பட்டிருந்தது. அதற்கு அவன் விளக்கம் சொல்லியிருந்தான். அந்த வாரம் திங்கள் முதல் சனி வரை பதினாலு பேர் சேர்ந்து ஒன்பதாம் நம்பர் மலையைக் கவ்வாத்து வெட்டினோம். மேல் ஓரத்திலிருந்து ஓடைவரை ஒரு செடி விடாமல் முடித்தோம். சனிக்கிழமை கத்தி வழுக்கி என் பெருவிரல் வெட்டுப்பட்டது. அந்த இரத்தம் என்னுடையது.

நான் அதை இரண்டு தடவை வாசித்தேன். மூன்றாவது தடவை வாசிக்கவில்லை, எழுந்து நின்றுவிட்டேன். நாற்காலி பின்னால் விழுந்தது. டோரீன் மிஸ் தேத்தண்ணிக் கோப்பையோடு திரும்பிப் பார்த்தார்.

சனிக்கிழமை ஒரு செடி விடாமல் வெட்டிய மலை. ஞாயிற்றுக்கிழமை காலை எந்தத் தேயிலை மறைக்கும்?

தீர்ப்பைத் திரும்பப் புரட்டினேன். பத்தொன்பதாம் பக்கத்தில் நீதிபதி எழுதியிருந்தார்: அந்த வாரம் எதிரி ஒன்பதாம் நம்பர் மலையில் கவ்வாத்து வேலை செய்தார் என்ற விளக்கம் நம்பத்தக்கது. ஆகவே கத்தியிலிருந்த இரத்தத்தைக் கணக்கில் எடுக்க முடியாது. இருபத்தாறாம் பக்கத்தில் எழுதியிருந்தார்: அந்த மலையில் நெஞ்சு உயரத்துக்குத் தேயிலை இருந்ததால் சாட்சி பார்த்திருக்க முடியாது. ஏழு பக்க இடைவெளியில் செடி வளர்ந்துவிட்டது. இராமையாவின் வழக்கறிஞர் கத்தியைக் காப்பாற்றுவதற்கு மலையை மொட்டையடித்தார், ஆளைக் காப்பாற்றுவதற்கு அதே மலையை வளரவிட்டார். இரண்டுக்கும் தலையாட்டியிருக்கிறார்கள். பட்டணத்தில் பிறந்தவர்களுக்குத் தேயிலை எப்போதும் ஒரே உயரம்தான். பெட்டியில் அச்சடித்திருக்கிற உயரம்.

அன்டன் சேர் கோர்ட்டிலிருந்து பகல் சாப்பாட்டுக்கு வந்தார். சோற்றுப் பார்சலை அவிழ்க்கவிடாமல் பிடித்துக்கொண்டேன். அவர் கொட்டகலை பசாரில் ஆசிரியர் மகனாக வளர்ந்தவர், தேயிலையில் வேலை செய்ததில்லை.

"சேர் கவ்வாத்து வெட்டுன மலை பாத்திருக்கீங்களா?"

"பஸ்ல போறப்ப பாத்திருக்கேன். மொட்டையா, குச்சி குச்சியா நிக்கும்."

"அந்த மலைக்கு மேல நின்னா கீழ ஓடையில நிக்கிற ஆளு தெரியுமா தெரியாதா?"

"தெரியும். கோழி நின்னாக்கூடத் தெரியும்."

நான் முந்நூற்றுப் பதினோராம் பக்கத்தை அவர் முன்னால் வைத்தேன். பிறகு பத்தொன்பது. பிறகு இருபத்தாறு. 2014இல் வெட்டிய செடி 2018இல் எவ்வளவு உயரம் இருக்கும் என்று என் கையைத் தரையிலிருந்து தூக்கிக் காட்டினேன்: முழங்கால், ஒரு வருஷத்தில் இடுப்புக்குக் கீழே, அப்புறம் இடுப்பு, நாலாவது வருஷம் நெஞ்சு. அடுத்த கவ்வாத்துக்கு நெருங்கிய செடியைப் பார்த்துவிட்டுப் போயிருக்கிறார்கள். பார்சல் மூடியே கிடந்தது.

"நானும் அன்னைக்கு அங்க நின்னேன் தங்கச்சி" என்றார்.

நானும்தான் என்றேன்.

இன்னும் ஒன்று இருந்தது. இராமையா சொன்னது அவன் வாயால் சொன்னது. கண்ணால் பார்க்க ஏதாவது இருந்தால் மேலே இருப்பவர்கள் தள்ள முடியாது என்றார் சேர். சம்பவத்தன்று பொலிஸ் எடுத்த படங்கள் வழக்கில் அடையாளமிட்டுச் சேர்க்கப்பட்டிருந்தன. டோரீன் மிஸ் உறையை எடுத்துவந்தார், ஆனால் என் கையில் தரவில்லை.

"நீங்க பாக்க வேணாம் மகள். சேர் பாக்கட்டும்."

சேருக்குப் பார்க்கத் தெரியாது மிஸ் என்றேன். வாங்கினேன்.

பத்துப் படம். எல்லாவற்றிலும் அப்பா இருந்தார். நீல சாரம், நான் துவைத்துக் காயப்போட்ட சாரம். நான்காவது படத்தில் கால் பக்கமிருந்து மேல்நோக்கி எடுத்திருந்தார்கள்; அப்பாவுக்குப் பின்னால் சரிவு முழுவதும் தெரிந்தது. நான் அப்பாவைப் பார்க்கவில்லை. பார்க்கக் கூடாது என்று பிடிவாதமாக அவர் தலைக்கு மேலே பார்த்தேன். வெட்டின முனைகள் வெள்ளை வெள்ளையாக நின்றன. வரிசைக்கு நடுவே வெட்டிப்போட்ட மிலாறு அப்படியே கிடந்தது. மேல் ஓரத்தில், கட்டி வைத்த மிலாறுக் கட்டு ஒன்று தனியாகக் கிடந்தது. வீரம்மா அத்தை போட்டுவிட்டு ஓடியது. கவ்வாத்துக்குப் பிறகு கிடக்கிற தேயிலைக் கிளையைத்தான் மிலாறு என்போம். விறகுக்குத்தான் அவள் அங்கே போனாள். வெட்டாத மலையில் மிலாறு ஏது? அதையும் யாரும் கேட்கவில்லை.

படத்தை மேசையில் வைத்து, அந்தக் கட்டின்மேல் விரலை வைத்தேன். அன்டன் சேர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, திரும்பப் போட்டு, டோரீன் தட்டச்சுப் பொறியை எடுங்கள் என்றார்.

அன்று பின்னேரம் நேரே வீரம்மா அத்தை வீட்டுக்குப் போனேன். கொழுந்து மலையிலிருந்து வந்து காலைக் கழுவிக்கொண்டிருந்தாள். விஷயத்தைச் சொல்லிவிட்டு, அடக்க முடியாமல் கேட்டேன்: "அன்னைக்கு ஜட்ஜ் ஐயா வந்தப்ப, இது அப்ப மொட்டையா இருந்துச்சுன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமே அத்த?"

"கேக்கலையே."

"கேக்கலன்னா?"

"இப்பத் தெரியுதான்னு கேட்டாங்க. இப்பத் தெரியல. தெரியலன்னேன். தெரியாதத தெரியுதுன்னு சொல்லச் சொல்றியா?" காலைத் துடைத்துக்கொண்டே என்னை நிமிர்ந்து பார்த்தாள். "கவ்வாத்து வெட்டுனது தோட்டத்துக்கே தெரியும். அத வேற சொல்லணுமான்னு இருந்தேன். நீயும் அங்கதான நின்ன? ஒனக்குப் படிப்பு இருந்துச்சே."

அவள் சொன்னதுதான் சரி. ஒரு வார்த்தை பொய் சொல்லியிருந்தால், ஆமாம் லேசாகத் தெரிகிறது என்று சொல்லியிருந்தால், வழக்கு அன்றே வேறு பக்கம் திரும்பியிருக்கும். சொல்லவில்லை. அதற்காகப் பேச்சு வாங்கினாள். பீலியில் லொத்தர் நம்பர் கேட்டபோதும் வாயைத் திறக்காமல் குடத்தோடு போனாள். இப்படி ஒரு ஆளைத்தான் நம்ப முடியாது என்று எழுதினார்கள்.

மூன்று பக்கக் கடிதம், பக்க எண்களோடு, நான்காவது படத்தின் பிரதியோடு. ஏழாம் நாள் காலை நானும் அம்மாவும் ரயிலேறிப் போய் கொழும்பில் சட்டமா அதிபர் திணைக்களத்தில் கையால் ஒப்படைத்துவிட்டு வந்தோம். வாங்கியவர் முத்திரை குத்தித் தந்த பிரதியை அம்மா சேலை முந்தானையில் முடிந்துகொண்டாள், காணிக்கைக் காசு மாதிரி. பதின்மூன்றாம் நாள் அன்டன் சேரின் அழைப்பு வந்தது. அரசு மேன்முறையீடு தாக்கல் செய்துவிட்டது.

அதற்குப் பிறகு இரண்டு வருஷம். இராமையா ஆறாம் காம்பராவில்தான் இருந்தான். ஓடையில் இருந்து அதே மாதிரி குழாய் போட்டு அதே பாத்திக்குத் தண்ணீர் விட்டான். வழியில் எதிரே வந்தால் நான் ஒதுங்கவில்லை. நடுப்பாதையில் நடந்தேன், அவன்தான் வரம்பில் இறங்கினான். எனக்குப் பூண்டுலோயாப் பக்கம் ஒரு பாடசாலையில் ஆசிரியர் வேலை கிடைத்தது. வெள்ளிக்கிழமை வீட்டுக்கு வந்தால் வீரம்மா அத்தை ஒரே ஒரு கேள்வி கேட்பாள், கோர்ட்டுல என்னா சொல்றாங்க என்று. இன்னும் இல்லை என்பேன். சரி என்பாள்.

2025இல் விவாதம் ஒரே நாளில் முடிந்தது. நான் பின்வரிசை வாங்குப் பலகையில் உட்கார்ந்து கேட்டேன். இராமையாவின் வழக்கறிஞர் புதியவர், நன்றாகப் பேசினார். சாட்சியை நேரில் பார்த்த நீதிபதியின் முடிவில் கை வைக்கக் கூடாது என்று எத்தனையோ பழைய தீர்ப்புகளைச் சொன்னார். மூன்று நீதிபதிகளும் கேட்டுக்கொண்டே இருந்தார்கள். பிறகு நடுவில் இருந்த அம்மையார் மூக்குக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து ஒரு கேள்வி கேட்டார். உங்கள் கட்சிக்காரர் சனிக்கிழமை அந்த மலையை வெட்டி முடித்தாரா, இல்லையா? வழக்கறிஞர் காகிதத்தைப் புரட்டினார். வெட்டினார் என்றால் சாட்சிக்குத் தெரியும். வெட்டவில்லை என்றால் கத்தியில் இரத்தம் ஏது? அவர் புரட்டிக்கொண்டே இருந்தார். எனக்கு எழுந்து நின்று கத்த வேண்டும் போல இருந்தது. நகத்தை உள்ளங்கையில் குத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

தீர்ப்பு நாளுக்கு வீரம்மா அத்தையையும் கூட்டிப்போனோம். முந்தின நாள் பகல் ரயிலில் போய் வத்தளையில் அம்மாவின் தங்கை வீட்டில் தங்கினோம். கோர்ட்டுக்குள் நுழைவதற்கு முன் அத்தை செருப்பைக் கழற்றினாள். போட்டுக்கொள்ளுங்கள், இது கோயில் இல்லை என்றேன். இராமையா கூண்டில் நின்றான்; அவன் பெண்சாதியோடு வேறு யாரும் வரவில்லை. உட்கார இடமில்லாமல் சுவரோரம் நின்றாள். அம்மா எங்கள் வாங்கில் நகர்ந்து இடம் விட்டாள். எனக்குக் கோபம் வந்தது. அம்மா என்னைப் பார்த்த பார்வையில் கோபத்தை விழுங்கினேன். இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்கள்.

தீர்ப்பு ஆங்கிலத்தில். நான் அத்தையின் காதுக்குள் தமிழாக்கிக்கொண்டே போனேன். விடுதலை செய்த தீர்ப்பு, வழக்கிலிருந்த சாட்சியத்துக்கே முரணானது. கவ்வாத்து வெட்டப்பட்ட நிலத்தை நாலு வருஷம் கழித்து வளர்ந்த நிலையில் பார்த்துவிட்டு முடிவு செய்தது பெரும் பிழை. எதிரியின் சொந்தக் கூற்றும், நான்காம் இலக்கப் படமும், சாட்சி சொன்னதை உறுதி செய்கின்றன. பிறகு அந்த அம்மையார் ஒரு பந்தியை மெதுவாக வாசித்தார். நான் தமிழாக்குவதை நிறுத்திவிட்டேன். அத்தை என் கையைப் பிடித்து அழுத்தினாள், சொல்லு என்று.

சொன்னேன். "ஒங்களப் பத்தித்தான் அத்த. பொய் சொல்ல வந்த சாட்சியா இருந்தா அன்னைக்கு மலையில வச்சி தெரியுதுன்னு சொல்லியிருக்கும். தெரியலன்னு சொன்னதுதான் இவங்க உண்மை பேசுறவங்கன்னு காட்டுதுன்னு எழுதியிருக்காங்க. இவங்க வார்த்தை ஒண்ணே போதும்னு எழுதியிருக்காங்க."

அத்தை என் பக்கம் திரும்பினாள். "அத எழுத்துல குடுப்பாங்களா?" என்று கேட்டாள்.

விடுதலை இரத்து. கொலைக் குற்றவாளி. தண்டனை மரணம் என்று வாசித்தார்கள். இந்த நாட்டில் நான் பிறப்பதற்கு வெகுகாலம் முன்பே தூக்குப் போடுவது நின்றுவிட்டது, உள்ளேதான் கிடப்பான், இன்னும் ஒரு கோர்ட்டுக்குப் போகவும் அவனுக்கு வழி இருக்கிறது என்று அன்டன் சேர் சொன்னார். போகட்டும். மிலாறுக் கட்டு அந்தக் கோர்ட்டுக்கும் வரும். சிறைக்காவலர்கள் அவனைக் கூட்டிப்போகும்போது அவன் எங்களைப் பார்க்கவில்லை. அம்மா அழவில்லை. முந்தானையை அவிழ்த்து, இரண்டு வருஷம் மடித்து நைந்துபோன முத்திரை குத்திய அந்தக் கடிதப் பிரதியை என் கையில் கொடுத்து, இதை இனி நீ வைத்துக்கொள் என்றாள்.

மறுநாள் வியாழக்கிழமை. நான் லீவு போட்டிருந்தேன். காலை ஏழு மணிக்கு வீரம்மா அத்தை கூடையை மாட்டிக்கொண்டு பெரட்டுக்குப் போனாள்; நானும் பின்னால் போனேன். பெரட்டுக் களத்தில் எல்லாரும் நின்றார்கள். விஷயம் அதற்குள் லயமெல்லாம் தெரிந்திருந்தது, ஆனால் யாரும் அவளிடம் கேட்கவில்லை. தனுஷன் கைபேசியைக் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தான். கண்டாக்கு ஐயா பெயர் கூப்பிட்டார். வீரம்மா என்றார்.

முப்பத்தாறு வருஷமாக அந்த இடத்தில் அவள் சொல்லி வந்தது ஒரே வார்த்தைதான். அன்று அதைச் சொல்லிவிட்டு, கூடையை இறக்கி வைத்தாள். வரிசையை விட்டு இரண்டு அடி முன்னால் வந்தாள்.

"இருக்கேன் ஐயா. ஒண்ணு சொல்லணும்" என்றாள். அவர் என்ன என்று கேட்பதற்குக்கூட அவள் நிற்கவில்லை. எல்லாரையும் பார்த்துத் திரும்பினாள். "அன்னைக்கு ஒன்பதாம் நம்பர் மலை கவ்வாத்து வெட்டியிருந்துச்சு. நான் மேல மிலாறு கட்டிக்கிட்டு நின்னேன். இராமையா கணேசமூர்த்திய வெட்டுனத நான் பாத்தேன். பாத்தத சொன்னேன். கொழும்புக் கோர்ட்டுல அது நெசம்னு எழுதிட்டாங்க. இனி யாருக்காச்சும் லொத்தர் நம்பர் வேணும்னா வாங்க, சொல்றேன்."

யாரும் கேட்காமலே சொன்னாள். கண்டாக்கு ஐயா பேனாவைப் பிடித்தபடி நின்றார், அடுத்த பெயரைக் கூப்பிட மறந்து. பிறகு அவள் கூடையைத் தூக்கி மாட்டிக்கொண்டு, இன்னைக்கு எந்த மலை என்று அவரிடம் கேட்டாள்.

ஒன்பது என்றார் அவர்.

தலையை நிமிர்த்தி முன்னால் நடந்தாள். எனக்கு அன்று வேலை ஒன்றுமில்லை. ஆனாலும் மலை ஓரம்வரை அவளுக்குப் பின்னாலேயே நடந்தேன்.